கேமராவுக்குத் தைத்த மெத்தை

என் ஃபிலிம் பெட்டிமேல் முதன்முதலில் ஏறி உட்கார்ந்தது ஒரு கூடை சங்கரா மீன்.

பஸ்ஸில் நிற்கவே இடமில்லை. பெட்டியைக் காலிடுக்கில் வைத்துக்கொண்டு ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி கொஞ்சம் கண் அசந்துவிட்டேன். விழித்துப் பார்த்தால் பெட்டிமேல் கூடை, கூடைமேல் ஒரு ஈரச் சாக்கு, சாக்கிலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர். பக்கத்தில் ஒரு அம்மாள் வெற்றிலை போட்டபடி நிம்மதியாக நின்றுகொண்டிருந்தார்.

"அம்மா, கூடையை எடுங்க. உள்ளே ஃபிலிம் இருக்கு!"

"இருந்தா இன்னா? மீனு உன் ஃபிலிமத் துன்னவா போவுது? சும்மா இரு நைனா, திருப்போரூர்ல எறங்கிடுவேன்."

திருப்போரூரில் அவர் மட்டும் இறங்கவில்லை. பஸ்ஸே நின்றுவிட்டதால் எல்லோரும் இறங்கினோம். கண்டக்டர், முருகன் கோயில் இருக்கும் பக்கமாக ஒரு கும்பிடு போட்டுவிட்டு, "ஆம்பளைங்கள்லாம் வந்து தள்ளுங்கப்பா" என்றார். பெட்டியைத் தலையில் வைத்து ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறு கையால் நானும் தள்ளினேன். மீன் தண்ணீர் காதோரம் வழிந்தது. எங்கள் ஊரில் பஸ் நின்றுபோனால் அடுத்த பஸ்ஸுக்காக எல்லோரும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நிற்பார்கள். இங்கே பஸ் கிளம்பியதும் எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது.

எங்கள் ஊர் என்று நான் சொல்வது பினாங்கு. அங்கேயே பிறந்து வளர்ந்தவன். தொழில், குறும்படம் எடுப்பது. வரைகிறவர்கள், செதுக்குகிறவர்கள், எழுதுகிறவர்கள் வேலை செய்யும்போது அந்தக் கையை மட்டும் எடுப்பேன். பேச்சு கிடையாது, பாட்டு கிடையாது, பத்து நிமிடம்தான். சினிமா பேனர் வரைகிற ஒருவர், கடைப்பலகை எழுதும் ஒரு சீனக் கிழவர், பாத்திக் துணியில் மெழுகால் கோலம் போடும் ஒரு மலாய்ப் பெண்மணி என்று மூன்று படம் முடித்திருந்தேன். மூன்றுமே திரையில் ஓடும்போது லேசாகத் துள்ளும். அதற்காக நான் புரொஜெக்டர் ஓட்டுகிறவர்களோடு சண்டை போடாத ஊரே கிடையாது.

எழுபதுகளின் நடுவில், ஒரு தை மாதத்தில் நடந்த பயணம் இது. எங்கள் பகுதியிலுள்ள மாரியம்மன் கோயிலுக்குப் புதிதாகக் கற்சிலை செய்யச் சொல்லி, மாமல்லபுரத்தில் ஏகாம்பரம் என்ற ஸ்தபதியிடம் ஒப்படைத்திருந்தார்கள். வேலை முடியும் கட்டம். சனிக்கிழமை காலை லாரி வந்து சிலையை ஏற்றிக்கொண்டு துறைமுகத்துக்குப் போய்விடும். கும்பாபிஷேகத்துக்கு நாள் குறித்தாகிவிட்டது. "அதுக்குள்ளே போய் ஒரு படம் எடுத்துட்டு வாப்பா, ஜனங்களுக்குக் காட்டலாம்" என்றார் கோயில் தலைவர். கைவசம் ஆறு ஃபிலிம் சுருள். ஒரு சுருள் ஓடி முடிய மூன்று நிமிடம்கூட ஆகாது. சிற்பி உண்மையாக வேலை செய்கிற ஒரு நிமிடம் கிடைத்தால்கூடப் போதும் என்று நினைத்துக்கொண்டுதான் கிளம்பினேன்.

திங்கள் சாயங்காலம் மாமல்லபுரத்தில் இறங்கியதிலிருந்து ஒரு சாம்பல் நிறப் பூனை பெட்டியின் பின்னாலேயே வந்தது. விரட்டினால் நின்றது. நடந்தால் நடந்தது. சிற்பக்கூடத்து வாசல்வரை கூடவே வந்துவிட்டது.

"வாங்க சார். பூனையும் பினாங்குதானா?" என்றார் ஏகாம்பரம்.

என் வயதுதான் அவருக்கும், நாற்பத்திரண்டு. நல்ல கறுப்பு. புருவம், மீசை, காதுமடல் எங்கும் வெள்ளையாகக் கல்தூசி. கீற்றுக்கொட்டகையின் கீழே நடுவில் அம்மன் உட்கார்ந்திருந்தாள். முகம், மார்பு, மடி எல்லாம் முடிந்திருந்தது. அபயம் காட்டும் வலது கை மட்டும் பாக்கி. அந்தக் கையில் நான்கு விரலும் ஒட்டிக்கொண்டு ஒரே பலகையாக இருந்தன. எங்கே பிரிக்க வேண்டும் என்று காவிக்கல்லால் கோடு போட்டு வைத்திருந்தார். "வெரலு வெரலா வெளிச்சம் தெரியணும்னு உங்க தலைவரு எழுதிக் கேட்டாரு. இந்தக் கல்லுல அதான் பெரிய பேஜாரு" என்று சிரித்தார்.

செவ்வாய்க்கிழமை காலை நான் கேமராவோடு போனபோது அவர் கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை, பட்டையாகத் திருநீறு, படிய வாரிய தலையோடு, கல்யாண வீட்டில் பன்னீர் தெளிக்க நிற்கிறவர் மாதிரி நின்றார். "தினமும் போடுற சட்டை போடுங்க ஸ்தபதியாரே" என்றேன். உள்ளே போய் இன்னொரு வெள்ளைச் சட்டையோடு வந்தார். மூன்றாவது தடவைதான் வெற்றுடம்பும் துண்டுமாக உட்கார வைக்க முடிந்தது.

பிறகு எல்லாம் தங்கமாக நடந்தது. என் கேமராவுக்குச் சாவி கொடுத்தால் அரை நிமிடம் ஓடும். அதற்குள் எடுத்து, மறுபடி சாவி கொடுத்து, இடப்பக்கம், வலப்பக்கம், உளியின் நுனி, சுத்தி பிடித்த மணிக்கட்டு என்று இரண்டு சுருளைத் தீர்த்தேன். ஏகாம்பரம் முகத்தில் ஒரு சலிப்பில்லை. "இன்னும் எடுக்கணுமா சார்? எடுங்க, எடுங்க" என்றார்.

மத்தியானம் கொட்டகையை ஒட்டியிருந்த அவர் வீட்டில் சாப்பாடு, மனைவி சரோஜா பரிமாறினார். கத்திரிக்காய்க் காரக்குழம்பு, கீரை, சுட்ட அப்பளம். பினாங்கில் நாங்கள் தட்டில் சோற்றைப் போட்டு நாலு வகைக் குழம்பையும் ஒன்றாக ஊற்றி வெள்ளக்காடாக்கித்தான் சாப்பிடுவோம். சரோஜாவிடம் அது நடக்கவில்லை. கீரைக்கு மேல் குழம்பை ஊற்றிக்கொள்ளப் போன என் கையைக் கரண்டியால் தடுத்தார். "மொதல்ல கீரைய முடிங்கண்ணே. அது இன்னா பாவம் பண்ணிச்சி?" முடித்தேன். கீரை உண்மையிலேயே தனியாகச் சாப்பிட வேண்டிய கீரை.

சாயங்காலம் கேமராவைத் துடைத்து வைக்கும்போதுதான் தரையைப் பார்த்தேன். பக்கத்தில் வேலை செய்த இரண்டு சிற்பிகளின் காலடியிலும் கல்சில்லு குவிந்து கிடந்தது. அம்மனின் காலடியில் ஒரு பொட்டுச் சில்லு இல்லை. விரல்களைத் தொட்டுப் பார்த்தேன். காலையில் இருந்த காவிக்கோடு அப்படியே இருந்தது. நாள் முழுக்கத் தட்டியும் கல்லில் ஒரு கீறல்கூட விழவில்லை. எனக்குச் சுர்ரென்று ஏறியது. கடல் தாண்டி வந்தவனை இப்படியா ஏமாற்றுவது? இரண்டு சுருள் வீண். யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் விடுதிக்குப் போய்விட்டேன்.

புதன்கிழமை விடிந்ததும் கேமரா இல்லாமல், சண்டைக்குத் தயாராகப் போனேன். ரோட்டிலிருந்தே உளிச் சத்தம் கேட்டது. ஆனால் நேற்றுக் கேட்ட சத்தம் இல்லை இது. ஏகாம்பரம் அம்மனின் கைக்குப் பக்கத்தில் ஒருக்களித்து உட்கார்ந்திருந்தார். தட்டினார், நிறுத்தினார், மறுபடி தட்டினார். சில்லு பறந்தது. அவருடைய கண் மூடியிருந்தது! ஆள்காட்டி விரல் பாதி பிரிந்துவிட்டிருந்தது.

"நேற்று ஏன் இப்படிச் செய்யலை?" என்று கேட்டேன். என் குரல் எனக்கே நன்றாக இல்லை.

அவர் தலையைச் சொறிந்தார். சுத்தியைப் பார்த்தார். உள்ளேயிருந்து சரோஜாதான் பேசினார்.

"அவரு சொல்ல மாட்டாருண்ணே, நான் சொல்றேன். நேத்து பூரா உளி கல்லு மேல பட்டாத்தான? சும்மா தட்டிகினு குந்திகினு இருந்தாரு. உங்க மிஷினு சத்தம் போட்டா அவுருக்கு வேல ஓடாது. ஒரு நாளு பூட்டுது. சனிக்கெழம லாரி வந்து நிக்கும்."

"அதை நேற்றே சொல்லியிருக்கலாமே?"

"கடலத் தாண்டி வந்த மனுசன் கைல மிஷின வச்சிகினு அவ்ளோ ஆசையா நிக்கிறாரு" என்றார் ஏகாம்பரம். "நிறுத்து சார்னு எப்டி சொல்றது?"

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. ஒரு நாள் வேலையை அந்த மனிதர் எனக்கு விருந்தாகப் போட்டிருக்கிறார். நான் அவரைச் சோம்பேறி என்று நினைத்துக்கொண்டு ராத்திரி பூராவும் புரண்டிருக்கிறேன்.

ஆனாலும் சந்தேகம் விடவில்லை. கடல் இரைகிறது, பக்கத்தில் இரண்டு பேர் கல் உடைக்கிறார்கள், எதிர் டீக்கடையில் ரேடியோ கத்துகிறது. என் கேமராவின் சின்ன முனகல் மட்டும் என்ன செய்தது? கேட்டேன். அவர் எழுந்துபோய் மூலையில் கிடந்த ஒரு கல்லைத் தட்டினார். மணி மாதிரி கணீரென்றது. இன்னொன்றைத் தட்டினார். மண்பானை மாதிரி டப்பென்றது. பார்வைக்கு இரண்டும் ஒன்றுதான்.

"இதுக்குள்ள நரம்பு ஓடுது சார். மெல்லிசான வெடிப்பு. கண்ணுக்குத் தெரியாது, காதுதான் சொல்லும். ஒவ்வொரு தட்டுக்கும் கேட்டுகினே போவணும். வெரலு ஒட்ஞ்சா செல பின்னம். பின்னமான செல கோயிலுக்கு ஆவாது. ஆறு மாச வேல ரோட்டுல."

"அப்போ கடல்?"

"கடலு ஒரே மாரி கீது. ரேடியோவுல பாட்டு எங்க போவும்னு தெரியும். உங்க மிஷினு அப்டி இல்ல. ஓடிகினே இருக்குது, நடுவுல ஒரு தபா தடுக்குது. அப்பால ஓடுது. திருப்பியும் தடுக்குது. அந்தத் தடுக்கலு எப்ப வரும், எப்ப வரும்னு மனசு காத்துகினு கீது. அப்ப கல்ல எங்க கேக்குறது?"

வெட்கம் போய் மறுபடி கோபம் வந்தது. என்னை என்ன வேண்டுமானாலும் சொல்லலாம், என் கேமராவைச் சொல்லக்கூடாது. "இது ஸ்விட்சர்லாந்துச் சரக்கு. இது தடுக்காது" என்றேன்.

"சரி சார்" என்றார்.

அந்த "சரி சார்"தான் என்னை அதிகமாகக் கிளறிவிட்டது. விறுவிறுவென்று கடற்கரைக்கு நடந்தேன். கல்தேர்கள் வழியாகப் போகும்போது ஒரு வெள்ளைக்காரத் தம்பதி இங்கிலீஷில் வாதம் பண்ணிக்கொண்டிருந்தார்கள். "இதை ஏன் பாதியில் விட்டார்கள்?" என்று மனைவி கேட்டார். "சாப்பிடப் போயிருப்பார்கள், வந்துவிடுவார்கள்" என்று சொன்ன கணவர் குடையை விரித்துக்கொண்டார். ஆயிரம் வருஷத்துக்கும் மேலாகச் சாப்பிடுகிறார்கள் போலிருக்கிறது. எனக்கும் பசித்தது. மீனவர் குப்பத்தில் ஒரு பெண் கல்லில் வஞ்சிரம் வறுத்துக்கொண்டிருந்தார். மிளகாயும் உப்பும் மட்டும்தான். எங்கள் ஊரில் இதே மீனுக்குப் பதினாறு சாமான் அரைப்பார்கள். இரண்டு துண்டு சாப்பிட்டதும் கோபம் கணிசமாக இறங்கிவிட்டது.

கட்டுமரத்து நிழலில் ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார். சுற்றிலும் ஏலக் கூச்சல். அவர் மட்டும் துண்டைக் காதோடு சேர்த்து இறுக்கிச் சுற்றிக்கொண்டு குறட்டை விட்டார். அவரைப் பார்த்ததும்தான் யோசனை வந்தது. ஏகாம்பரத்தின் காதை மூட முடியாது. என் கேமராவின் வாயை மூடலாமே!

விடுதிக்கு ஓடிப்போய்க் கேமராவை எடுத்துக்கொண்டு அடுத்த பஸ்ஸில் செங்கல்பட்டுக்குப் போனேன். கடைத்தெருவில் மெத்தை தைக்கிற ஒரு பாயிடம் கேமராவை எடுத்து வைத்தேன். அவர் மூக்குக்கண்ணாடிக்கு மேலே பார்த்தார்.

"இதுக்கு தலகாணியா சார்?"

"மெத்தை. சுற்றி மூடுற மாதிரி. இந்தக் கண்ணாடி மட்டும் வெளியே தெரியணும்."

"மூஞ்சி மட்டும் தெரியணும். சரி. கை?"

"விரல் நுழையிற மாதிரி இங்கே ஒரு ஓட்டை. கண் வைக்கப் பின்னாலே ஒண்ணு."

பிறந்த குழந்தைக்குச் சட்டை அளவெடுக்கிற மாதிரி நூலைச் சுற்றி அளந்தார். இலவம்பஞ்சை அமுக்கி அமுக்கித் திணித்தார். துணி என்ன நிறம் என்று நான் கேட்கவேயில்லை. கைக்கு வந்த பிறகுதான் பார்த்தேன், சிவப்பில் பெரிய பெரிய மஞ்சள் பூ. திரும்பி வரும் பஸ்ஸில் அதை மார்போடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஏரியைத் தாண்டும்போது வேடந்தாங்கல் பக்கமாக ஒரு பறவைக் கூட்டம் வரிசையாகப் போயிற்று. அதைக் காட்டுகிற சாக்கில் முன்சீட்டு அம்மாள் திரும்பி, "கொழந்த ஆணா பொண்ணா?" என்று கேட்டார். ஆண் என்று சொல்லிவிட்டேன். விளக்குகிற தெம்பு இல்லை.

வியாழக்கிழமை காலை சரோஜா அதைப் பார்த்து இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஏகாம்பரம் சிரிக்கவில்லை. மெத்தையைத் தடவிப் பார்த்து, "எனுக்காவ செங்கல்பட்டு வரிக்கும் பூட்டு வந்தீங்களா?" என்றார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தார். நான் ஃபிலிம் போடாமல் கேமராவை ஓட்டினேன்.

"கேக்குது."

ஐந்தடி பின்னால் போனேன். "தடுக்கலு கேக்குது." கொட்டகை வாசலுக்குப் போனேன். "கேக்குது சார்." ரோட்டைத் தாண்டினேன். கையை ஆட்டினார், கேட்கிறதாம். டீக்கடையையும் தாண்டி ஒரு புன்னை மரத்தடிக்குப் போனபிறகுதான், "இப்ப இல்ல" என்று கத்தினார். அங்கிருந்து பார்த்தால் ஏகாம்பரம் ஒரு கட்டைவிரல் உயரம். நல்லவேளை, தூரத்தைக் கிட்டே இழுக்கும் நீள லென்ஸ் ஒன்று கொண்டுவந்திருந்தேன்.

டீக்கடைக் கூட்டம் மொத்தமும் கிளாஸோடு என்னைச் சுற்றி நின்றது. "இன்னா மச்சான் அது, மெத்தைக்குள்ள?" என்று ஒருவர். "யாருக்குத் தெரியும்? சீக்கு வந்த பொருளு போல" என்று இன்னொருவர். நான் கண்ணைக் கேமராவில் வைத்தேன். முதலில் தூசி தெரிந்தது, பிறகு முகம். ஏகாம்பரம் தட்டினார். தலையைச் சாய்த்தார். கண்ணை மூடினார். உதடு லேசாகப் பிரிந்தது. தட்டினார். ஒரு சில்லு பறந்து கன்னத்தில் பட்டது. அவருக்கு அதுகூடத் தெரியவில்லை. மூன்று படம் எடுத்தவன் நான், ஒரு மனிதர் தன் கைவேலையைக் காதால் செய்வதை அன்றுதான் பார்த்தேன். ஆஹா ஆஹா என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன். இரண்டு சுருள் போனதே தெரியவில்லை. ஆள்காட்டி விரல், நடு விரல், மோதிர விரல் மூன்றும் பிரிந்துவிட்டன.

சுண்டுவிரலுக்கு வந்தார். ஒரு தட்டு. கையைத் தூக்கிவிட்டார்.

நான்தான் ஏதோ செய்துவிட்டேன் என்று பயந்து ஓடினேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. உளியின் பின்பக்கத்தால் விரலின் அடியைத் தொட்டார். கணீர். நுனியைத் தொட்டார்.

"கேட்டீங்களா?"

எனக்கு இரண்டும் ஒன்றாகத்தான் கேட்டது.

"நரம்பு. குறுக்கால ஓடுது. இந்தப் பக்கத்துலேர்ந்து போனா நுனி கைல வந்துடும்." நெற்றி வியர்வையைத் துடைத்தார். "அந்தப் பக்கத்துலேர்ந்து போவணும். வெரல கொஞ்சம் எளைக்கணும். நரம்ப வெளில எடுத்துடணும்."

பக்கத்துச் சிற்பிகள் சொல்லாமலே சுத்தியைக் கீழே வைத்தார்கள். ஒருவர் எதிர்க்கடைக்குப் போய் ரேடியோவை நிறுத்தச் சொல்லிவிட்டு வந்தார். கூடம் முழுக்க அமைதி. கடல் மட்டும் இரைந்துகொண்டிருந்தது. அப்போது ஏகாம்பரம் என் பக்கம் திரும்பினார்.

"சார், இந்த மாரி வேல எப்பவும் வராது. கிட்ட வந்து எடுங்க. பரவால்ல, நான் பாத்துக்கறேன்."

இதை மறைத்து என்ன பிரயோசனம், எனக்கு ஆசை வந்தது. கேமராவில் புதுச் சுருள். சாவி முழுக்கக் கொடுத்திருந்தேன். மெத்தை ஓட்டைக்குள் என் விரல் பொத்தானைத் தொட்டுக்கொண்டிருந்தது. இதற்காகத்தானே கடல் தாண்டி வந்தேன்? அவரே சொல்லிவிட்டார், அப்புறம் என்ன? ஒரு நொடி இல்லை, நிறைய நொடி அப்படியே நின்றேன். பிறகு செவ்வாய்க்கிழமை ஞாபகம் வந்தது. "எடுங்க, எடுங்க" என்று அன்றைக்கும்தான் சொன்னார்.

கேமராவைக் கொண்டுபோய்ச் சரோஜாவின் கையில் கொடுத்தேன். "உள்ளே வச்சுக் கதவைச் சாத்துங்க" என்றேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். வாங்கிக்கொண்டுபோய் அரிசிப் பானைக்குப் பக்கத்தில் படுக்கவைத்துக் கதவைச் சாத்தினார். நான் அம்மனுக்கு ஐந்தடி தள்ளித் தரையில் உட்கார்ந்தேன்.

எவ்வளவு நேரம் ஆயிற்று என்று தெரியாது. இருக்கிறதிலேயே சின்ன உளியை எடுத்தார். தட்டு என்றுகூடச் சொல்ல முடியாது, ஒரு தொடல். கேட்பார். இன்னொரு தொடல். நானும் கண்ணை மூடிக்கொண்டேன். முதலில் கடல் கேட்டது, பிறகு கடல் இல்லாமல் போயிற்று. டப், டப், டப். மந்தமான சத்தம். அடுத்த தொடலில் அது கொஞ்சம் மாறியது. அதற்கடுத்ததில் இன்னும் கொஞ்சம். சட்டென்று கணீர்! கண்ணைத் திறந்தேன். ஏகாம்பரமும் கண்ணைத் திறந்திருந்தார்.

"கேட்டுச்சா?" என்றார்.

"கேட்டது" என்றேன்.

தூசியை ஊதினார். சுண்டுவிரல் தனியாக நின்றது. மற்ற விரல்களைவிட ஒரு சுற்று மெலிவு. பின்னால் தன் உள்ளங்கையைக் கொண்டுபோய் ஆட்டினார். நான்கு விரலுக்கு நடுவிலும் வெளிச்சமும் நிழலும் மாறி மாறி வந்தன. நகத்தால் விரலைச் சுண்டினார். கணீரென்றது. கூடத்தில் எல்லோரும் ஒரே சமயத்தில் மூச்சு விட்டோம். "முடிஞ்சிதா? கதவத் தொறக்கலாமா?" என்று உள்ளேயிருந்து சரோஜா கத்தினார். கேமராவோடு சேர்ந்து அவரும் உள்ளேயே உட்கார்ந்திருந்திருக்கிறார்.

மிச்சமிருந்த இரண்டு சுருளில் ஒன்றை முடிந்த சிலைக்கும், மற்றதை எல்லோரும் தலைவாரி, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு அம்மனைச் சுற்றி வரிசையாக நின்றதற்கும் செலவழித்தேன். டீக்கடைக் கூட்டமும் வரிசையில் நின்றது. பூனையும் வந்தது.

வெள்ளிக்கிழமை ஓய்வு. ஏகாம்பரம் கேமராவைக் கேட்டார். இப்போதெல்லாம் நான் அவருக்கு அண்ணாத்த ஆகியிருந்தேன். மெத்தையைக் கழற்றிவிட்டு, டிரான்சிஸ்டரை வைப்பதுபோலக் காதில் வைத்துக்கொண்டார்.

"ஓட்டுங்க அண்ணாத்த."

ஓட்டினேன். அரை நிமிடமும் கேட்டார். மறுபடி சாவி கொடுக்கச் சொல்லிக் கேட்டார்.

"உள்ள எதுனா பல்லு கீதா?"

"பல்சக்கரம் நிறைய இருக்கு."

"அதுல ஒரு சக்கரத்துல ஒரு பல்லு மூளி. சுத்தி வரும்போது அந்த எடத்துல தடுக்குது."

"ஸ்தபதியாரே, உங்களுக்குக் கல்தான் தெரியும். இது ஸ்விட்சர்லாந்து."

"சரி அண்ணாத்த" என்றார். இந்தத் தடவை எனக்குக் கோபம் வரவில்லை.

சனிக்கிழமை காலை வைக்கோல் சுற்றி, பலகை அடித்து அம்மனை லாரியில் ஏற்றினார்கள். பெட்டியை ஆணியடித்து மூடும்வரை ஏகாம்பரம் கையை உள்ளே விட்டு அந்தச் சுண்டுவிரலைச் சுற்றிப் பஞ்சு வைத்துக்கொண்டேயிருந்தார். சரோஜா எனக்கு வழிக்குப் புளிச்சோறு கட்டிக் கொடுத்தார். மெத்தையை மட்டும் எடுத்துக்கொண்டு போக முடியவில்லை. அதில் பூனை படுத்திருந்தது. எழுப்பப் போனேன். "உடுங்கண்ணே, இங்கியே இருக்கட்டும். அடுத்த தபா வரும்போது வேணுமில்ல?" என்றார்.

பினாங்கில் கும்பாபிஷேகத்துக்கு மறுநாள் கோயில் மண்டபத்தில் படம் போட்டோம். ஜனங்கள் ரசித்தார்கள். வெள்ளைச் சட்டை வரிசைக்குக் கைதட்டல். தலைவருக்கு மட்டும் ஒரு குறை. "சிற்பி இவ்வளவு தூரத்திலே இருக்காரே. விரல் பிரிக்கிறதைக் கிட்டே எடுத்திருக்கக்கூடாதா?" அப்போது திரையில் படம் லேசாகத் துள்ளியது. வழக்கம்போலப் புரொஜெக்டர்காரரைத் திட்டப் போனேன். பாதி வழியில் நின்றுவிட்டேன்.

மறுநாள் கேமராவை எடுத்துக்கொண்டு பழுது பார்க்கும் லிம்மிடம் போனேன். பினாங்குச் சாலையில் இடுக்குக் கடை, சீனர், வாய் பேசாமல் வேலை செய்கிறவர். திருகுகளைக் கழற்றி, ஒவ்வொரு சக்கரமாக எடுத்து, பூதக்கண்ணாடியில் பார்த்து வெள்ளைத் துணியில் வைத்துக்கொண்டே வந்தார். ஐந்தாவது சக்கரத்தை என் பக்கம் நீட்டினார். ஒரு பல் பாதி இல்லை.

"எவ்வளவு நாளாய் இப்படி?" என்று மலாயில் கேட்டார்.

"மூன்று படமாய்" என்றேன். "இல்லை, நான்கு."

"உனக்குக் கேட்கவேயில்லையா?"

கேமராவை நான் எப்போதும் கண்ணில்தான் வைத்திருக்கிறேன், காதில் வைத்ததேயில்லை. அதை அவரிடம் எப்படிச் சொல்வது? புதுச் சக்கரம் வரவழைக்கச் சொல்லிவிட்டு வந்தேன். அன்றே ஏகாம்பரத்துக்கு எல்லாவற்றையும் எழுதினேன். நீங்கள் சொன்னது சரி, நான் சொன்னது தப்பு, நான் திட்டிய எல்லா ஊர்ப் புரொஜெக்டர்காரர்களுக்கும் சேர்த்து உங்களிடம் மன்னிப்புக் கேட்கிறேன் என்று மூன்று பக்கம்.

இரண்டு மாதம் கழித்துப் பதில் வந்தது. ஒரே ஒரு கார்டு, ஏகாம்பரத்தின் உருண்டை உருண்டையான எழுத்து.

"அண்ணாவுக்கு வணக்கம். இங்கு அனைவரும் நலம். மெத்தையில் பூனை மூன்று குட்டி போட்டிருக்கிறது. அதனால் மெத்தையைத் திருப்பித் தர இயலாது. புதுப் பல் போட்டாகிவிட்டது அல்லவா, இனி மெத்தை எதற்கு? பக்கத்திலேயே உட்கார்ந்து எடுக்கலாம். வாருங்கள்."